சிடி 100 ஹெட் வேலை: மொட்டைமாடியில் நான்கு ஞாயிறுகள்

அப்பாவின் ஹீரோ ஹோண்டா சிடி 100 பெரம்பூர் மேம்பாலம் ஏறும்போது மூன்றாவது கியரிலேயே திணற ஆரம்பித்தது. வண்டி பழசு என்று விட்டிருப்பேன். ஆனால் அதற்கு எட்டு மாதம் முன்புதான் ஒரு ஒர்க்‌ஷாப்பில் கொடுத்து ஹெட் போர்ட்டிங், அதாவது சிலிண்டரின் மூடியான ஹெட்டுக்குள் காற்று போகும் பாதையையும் புகை வெளியேறும் பாதையையும் அரைத்துத் திருத்தும் வேலை, செய்து வாங்கியிருந்தேன். காற்று உள்ளே போகும் பாதையான இன்லெட்டைப் பெரிதாக்கி, உள்ளே கண்ணாடி மாதிரி பாலிஷ் போட்டுக் கொடுத்தார்கள். நேர் ரோட்டில் முழு ஆக்சிலரேட்டர் கொடுத்தால் முன்பைவிடக் கொஞ்சம் ஓடியது உண்மைதான். ஆனால் சிக்னலில் ஐடிலிங் நிற்காது, கிளட்ச் விட்டதும் இழுப்பு இருக்காது, லிட்டருக்கு 55 கி.மீ. கொடுத்த வண்டி 44-க்கு இறங்கிவிட்டது. நின்று கிளம்பும்போது நீலப் புகை வேறு.

அந்தப் புகையே ஒரு சேதி. ஓட்டம் முழுக்கப் புகைந்தால் ரிங்கைச் சந்தேகப்படலாம். சிக்னலில் ஒரு நிமிடம் நின்றுவிட்டு ஆக்சிலரேட்டர் திருகும்போது மட்டும் ஒரு குப் புகை வந்து அடங்கினால், வால்வின் தண்டு ஏறி இறங்கும் குழாயான வால்வு கைடு வழியாக ஆயில் இறங்குகிறது என்று அர்த்தம். ஹெட்டைக் கழற்றிப் பார்த்தேன். இன்லெட் வால்வைத் தூக்கிப் பிடித்து ஆட்டினால் ஆடுகிறது. வால்வு கைடைத் தாங்கும் மேட்டையே சீவி எடுத்திருந்தார்கள். பாதை வளைந்து, வால்வு மூடி உட்காரும் வளையமான சீட்டை நோக்கி இறங்கும் இடத்தில், உள்வளைவின் மேட்டைத் தட்டையாக அரைத்திருந்தார்கள். அலுமினியம் போனது போனதுதான். அந்த ஹெட்டை ஓரமாக வைத்தேன்.

பெரிதாக்கினால் ஏன் கெட்டது என்பதை இங்கேயே சொல்லிவிடுகிறேன், மற்ற வேலையெல்லாம் இதை வைத்துத்தான். இது 50 மி.மீ. போர் (சிலிண்டர் விட்டம்), 49.5 மி.மீ. ஸ்ட்ரோக் (பிஸ்டன் நகரும் தூரம்), 97.2 சி.சி. இன்ஜின். அது ஒரு மூச்சில் இழுக்கும் காற்றே அவ்வளவுதான். பாதை அகலமானால் காற்றின் வேகம் குறையும். வேகம் குறைந்தால் காற்றோடு வரும் பெட்ரோல் துளிகள் மிதக்காமல் சுவரில் ஒட்டி ஓடையாக வழியும். அடுப்பு ஊதுகிற ஊதாங்குழல் குறுகலாக இருப்பதால்தான் காற்று விசையாகப் போய்த் தணலில் விழுகிறது. அதையே அகலமான பைப்பாக மாற்றினால் எவ்வளவு ஊதினாலும் தணல் சிவக்காது. கண்ணாடி பாலிஷ் இன்னொரு தப்பு. இன்லெட் சுவர் கொஞ்சம் சொரசொரப்பாக இருந்தால்தான் ஒட்டிய பெட்ரோல் மறுபடி காற்றோடு கலக்கும்.

அதனால் இந்த முறை நானே செய்வது, அளக்காமல் எதையும் அரைப்பதில்லை என்று முடிவு செய்தேன். அப்பா ஐ.சி.எஃப். ரயில் பெட்டித் தொழிற்சாலையில் ஃபிட்டராக இருந்து ஓய்வு பெற்றவர். "முதல்ல ஹெட்டை வாங்கிட்டு வா, அப்புறம் பேசலாம்" என்றார்.

புதுப்பேட்டைக்குப் போனேன். பழைய ஹெட் வாங்கப் போகிறவர்கள் ஒரு ஸ்டீல் ஸ்கேல், ஒரு ஃபீலர் கேஜ் (இடுக்கு அளக்கும் மெல்லிய தகடுகள்), ஒரு புது ஸ்பார்க் பிளக் மூன்றையும் கையோடு கொண்டு போங்கள். ஹெட்டின் முகத்தில், அதாவது சிலிண்டரோடு ஒட்டும் தட்டைப் பக்கத்தில், ஸ்கேலை நிறுத்தி வைத்துக் குறுக்கும் நெடுக்கும் பார்க்க வேண்டும், 0.05 மி.மீ. இலை எங்காவது உள்ளே நுழைந்தால் ஹெட் வளைந்திருக்கிறது. பிளக்கைக் கையாலேயே திருகினால் கடைசிவரை போக வேண்டும். பாதியில் லூசானால் மரை போய்விட்டது. இரண்டு சீட்டுக்கும் நடுவில் உள்ள ஒல்லியான பாலத்தில் விரிசல் இருக்கிறதா என்று வெயிலில் திருப்பித் திருப்பிப் பார்க்க வேண்டும். கேம்ஷாஃப்ட் உட்காரும் இடத்தில் கீறல் கூடாது. நான்காவதாகப் பார்த்த ஹெட்தான் எல்லாவற்றிலும் தேறியது. "அண்ணே, வால்வு ரெண்டும் போயிருக்கே, பாத்து சொல்லுங்க" என்றேன். 1,400 சொன்னவர் 900-க்குக் கொடுத்தார். வால்வு, கைடு, ஆயில் சீல், கேஸ்கட் செட் எல்லாம் ஜெனரல் பேட்டர்ஸ் ரோட்டில் புதிதாக வாங்கினேன். இவற்றில் மிச்சம் பிடிக்கப் பார்க்கக் கூடாது.

முதல் ஞாயிறு முழுக்கச் சுத்தம் செய்வதிலேயே போனது. மண்ணெண்ணெயில் ராத்திரி முழுக்க ஊற வைத்து, கார்பனை மூங்கில் பட்டையாலும் பித்தளை பிரஷ்ஷாலும் சுரண்டினேன். ஸ்குரூ டிரைவரால் சுரண்டினால் அலுமினியத்தில் விழும் கோட்டின் ஓரம் சூடேறி, பிளக் பற்றவைக்கும் முன்பே அது பற்றவைக்கலாம்.

அடுத்தது, ஹெட்டில் பெட்ரோல் எரியும் குழியான சேம்பரின் அளவு. நடுவில் துளை போட்ட அக்ரிலிக் தகட்டைக் கிரீஸ் தடவி ஹெட் முகத்தில் ஒட்டி, பாரிமுனையில் ஆய்வகக் கருவிகள் விற்கும் கடையில் வாங்கிய ப்யூரெட்டிலிருந்து மண்ணெண்ணெயைச் சொட்டுச் சொட்டாக விட்டேன். குமிழி இல்லாமல் நிரம்பும்வரை எத்தனை சி.சி. இறங்கியது என்பதுதான் அளவு. கெட்டுப்போன பழைய ஹெட்டையும் இதேபோல் அளந்தேன். இரண்டும் கிட்டத்தட்ட ஒரே அளவு வந்தது. அந்தப் பழைய ஹெட்டில் சேம்பரையோ முகத்தையோ யாரும் தொடவில்லை என்பது எனக்குத் தெரியும். ஆகவே, வாங்கி வந்த ஹெட்டின் முகத்தையும் இதற்கு முன் யாரும் சீவி இழைக்கவில்லை என்று உறுதியானது. இது தெரியாமல் மேலும் இழைத்தால் கம்ப்ரஷன் (கலவை நசுங்கும் அளவு) எங்கே போய் நிற்கும் என்று சொல்ல முடியாது.

காற்று எவ்வளவு போகிறது என்பதையும் அளக்க ஆசை. காற்றோட்டம் அளக்கும் ஃப்ளோ பெஞ்ச் எல்லாம் நமக்குக் கிடைக்காது. வீட்டு வேக்குவம் கிளீனரை எடுத்தேன். ஹெட்டின் சேம்பர் பக்கம் 50 மி.மீ. உள்விட்டம் வருகிற பைப் துண்டை வைத்து, மறுமுனையில் வேக்குவம் குழாயைச் செருகினேன். பைப்பின் பக்கவாட்டில் சின்னத் துளை போட்டு, சிவப்புச் சாயத் தண்ணீர் நிரப்பிய யூ வடிவ பிளாஸ்டிக் டியூபை மாட்டினேன். வால்வை ஒரு போல்ட்டால் தள்ளி 1, 2, 3, 4, 5 மி.மீ. எனத் திறந்து, ஒவ்வொன்றுக்கும் தண்ணீர் மட்டத்தின் வித்தியாசத்தைக் குறித்தேன். காற்று சுலபமாகப் போனால் உறிஞ்சல் குறையும், தண்ணீரின் வித்தியாசமும் குறையும். இன்லெட் வாயில் குழந்தைகள் விளையாடும் களிமண்ணை உருண்டையான விளிம்பாக அப்பிவிட வேண்டும், இல்லாவிட்டால் கூரான ஓரத்திலேயே காற்று தடுமாறி, அளவு தப்பும். எங்கள் தெருவில் சாயந்திரம் வோல்டேஜ் இறங்கும், மோட்டார் வேகமும் மாறும். அதனால் எல்லா அளவையும் மதியம் ஒரு மணிக்கு, மூன்று தடவை எடுத்தேன். இந்த எண்களை இன்னொருவர் எண்களோடு ஒப்பிட முடியாது. ஒரே ஹெட்டை முன்னும் பின்னும் ஒப்பிட இது போதும்.

இரண்டாவது ஞாயிறு போர்ட் வேலை. பழைய கைடுகளைக் கழற்றாமலே ஆரம்பித்தேன். அவை எப்படியும் மாறப்போகிறவை, பர் (சுழன்று அரைக்கும் பல் முனை) பட்டாலும் பரவாயில்லை. சீட்டும் அப்படித்தான், வெட்டப் போகிறோம். புது கைடு போட்டு, சீட்டும் வெட்டிய பிறகு போர்ட்டுக்குள் பர்ரை விட்டால், ஒரு நொடி கை வழுக்கினால் மொத்தக் கூலியும் வீண்.

சீட்டுக்குக் கீழே கிண்ணம் போல ஒரு இடம் இருக்கும். தொழிற்சாலையில் சீட் வளையத்தை மெஷினில் வெட்டும்போது, அந்த வெட்டு முடிந்து வார்ப்பு தொடங்கும் இடத்தில் ஒரு படி நின்றுவிடுகிறது. விரலை விட்டுத் தடவினால் நகத்தில் தட்டும். நான் அரைத்ததில் பாதி இந்தப் படியைச் சரிவாக்கத்தான். கைடு மேட்டைச் சீவவில்லை, இரண்டு பக்கமும் கொஞ்சம் ஒல்லியாக்கி, மீன் முதுகு மாதிரி காற்று வரும் திசைக்கு நீட்டிவிட்டேன். உள்வளைவின் மேட்டை எமரி பேப்பரால் மட்டும் தொட்டேன். அங்கேதான் காற்று திரும்ப வேண்டும். அதைத் தட்டையாக்கினால் காற்று திரும்பாமல் எதிர்ச் சுவரில் போய் மோதும். பாதையின் நடு அகலத்தை மாற்றவே இல்லை.

அலுமினியம் பர்ரின் பல்லில் ஈயம் மாதிரி அப்பிக்கொள்ளும். அடிக்கடி மெழுகுவர்த்தியில் ஒரு தொடு தொட்டுக்கொண்டால் அப்பாது. மாஸ்க், கண்ணாடி இரண்டும் இல்லாமல் உட்காரவே கூடாது. கடைசியில் இன்லெட்டுக்கு 80 நம்பர் எமரியோடு நிறுத்திவிட்டேன். எக்ஸாஸ்ட்டை மட்டும் 400 வரை போய் வழவழப்பாக்கினேன், அங்கே பெட்ரோல் மிதக்க வேண்டிய கதை இல்லை, கார்பனும் மெதுவாகத்தான் ஒட்டும்.

அப்புறம் வாய் பொருத்தம். கார்புரேட்டருக்கும் ஹெட்டுக்கும் நடுவில் வரும் துண்டை வைத்து, மார்க்கர் மை தடவிய முகத்தில் ஊசியால் கோடு கீறிப் பார்த்தேன். ஒரு பக்கம் கேஸ்கட்டே ஒரு மி.மீ.க்கு மேல் பாதைக்குள் நீட்டிக்கொண்டு நின்றது. பிளேடால் கேஸ்கட்டை வெட்டினேன், ஹெட் வாயை அரை மி.மீ. சரித்தேன். இதற்கு ஆனது பத்து நிமிடம்தான். வேறு எதுவும் செய்யப் பயந்தால் இதை மட்டுமாவது எல்லோரும் செய்யலாம்.

மறுபடி வேக்குவம். 4, 5 மி.மீ. திறப்பில் 41 செ.மீ. இருந்த வித்தியாசம் 37-க்கு வந்தது. 1, 2 மி.மீ. திறப்பில் ஒன்றுமே மாறவில்லை. இரண்டு மணிநேரம் அரைத்ததற்கு இவ்வளவுதானா என்று எனக்கு வருத்தம். அப்பா டியூபையே பார்த்துக்கொண்டு நின்றார். "கதவு கொஞ்சமா திறந்திருக்கும்போது வராண்டா எவ்ளோ அகலம்னு யார் பாக்கறா? கதவு இடுக்குதான் கணக்கு. இன்னும் சீட்டுக்கே போகலையே" என்றார்.

அந்த வாரம் அயனாவரத்தில் ஒரு லேத் கடைக்குப் போனேன். ஹெட்டைக் கொடுத்து, சீட்டை முதலில் வெட்டிக் கொடுத்தால் நானே கைடு போட்டுக்கொள்வேன் என்று சொன்னதற்கு, கடைக்கார அண்ணன் கையிலிருந்த காபியைக் கீழே வைத்துவிட்டார்.

"தம்பி, சீட் கட்டர் எதைப் புடிச்சுச் சுத்துது? கைடுக்குள்ள போற கம்பியைத்தான். முதல்ல கைடு, அப்புறம்தான் சீட். மாத்திச் செஞ்சா ரெண்டும் வீண்."

ஹெட்டை அடுப்பில் சூடாக்கி, கைடைத் தட்டி இறக்கி, துளையைச் சீராக்கும் ரீமர் ஓட்டி, வால்வைச் செருகிக் காட்டினார். வழுக்கிக்கொண்டு இறங்கியது, ஆட்டினால் ஆடவில்லை. பிறகு மூன்று கோணத்தில் சீட். வால்வு உட்காரும் முகம் 45 டிகிரி. அதற்கு மேலே சேம்பர் பக்கம் 32, கீழே போர்ட் பக்கம் 60. மேலும் கீழும் வெட்டுவதுதான் நடுவில் உள்ள 45 டிகிரி முகத்தின் அகலத்தையும் இடத்தையும் தீர்மானிக்கிறது. 1 மி.மீ. அகலம் கேட்டேன். அகலம் கூடினால் அழுத்தம் பரவிப்போய் மூடுதல் சரியாக இருக்காது. ரொம்பக் குறைந்தால் எக்ஸாஸ்ட் வால்வின் சூடு சீட் வழியாக வெளியேற வழியில்லாமல் வால்வு கருகும். ஹெட் முகத்தையும் அங்கேயே 0.3 மி.மீ. இழைத்து வாங்கினேன்.

மூன்றாவது ஞாயிறு வால்வு தேய்ப்பு. எனக்கு இந்த மொத்த வேலையிலும் பிடித்த இடம் இதுதான். வால்வு முகத்தில் மூன்று இடத்தில் மட்டும் மிளகளவு அரைக்கும் பேஸ்ட் வைத்து, ரப்பர் கப் குச்சியை ஒட்டி, இரண்டு உள்ளங்கைக்கும் நடுவில் மோர் கடைவது போல முன்னும் பின்னும் உருட்ட வேண்டும். முதலில் கரகரவென்று மணல் அரைபடும் சத்தம். இருபது உருட்டலுக்கு ஒருமுறை வால்வைத் தூக்கிக் கால் சுற்றுத் திருப்பி வைக்க வேண்டும். கொஞ்ச நேரத்தில் கரகரப்பு தேய்ந்து, பட்டுத்துணி உரசுவது போல உஸ்ஸென்று ஆகிவிடும். அப்போது நிறுத்தித் துடைத்துப் பார்த்தால் வால்விலும் சீட்டிலும் மங்கிய சாம்பல் நிறத்தில் ஒரு வளையம், எங்கும் அறுபடாமல். என்னுடைய எக்ஸாஸ்ட் வளையத்தில் ஒரு இடத்தில் அரை மி.மீ. பளபளப்பு நின்றது. அங்கே உரசவில்லை என்று பொருள். இன்னும் நாற்பது உருட்டலில் அதுவும் சாம்பலானது. அதற்கு மேல் தேய்க்கக் கூடாது, சீட்டில் பள்ளம் விழும். பேஸ்ட் ஒரு துகள்கூட மிஞ்சாமல் சோப்புத் தண்ணீரில் மூன்று முறை கழுவினேன். கைடுக்குள் போன துகள் கைடைத் தின்றுவிடும்.

ஸ்பிரிங் போட்டு, பிளக்கையும் மாட்டி, சேம்பரில் மண்ணெண்ணெய் நிரப்பி அரை மணிநேரம் வைத்தேன். போர்ட்டுக்குள் டிஷ்யூ பேப்பரைத் திணித்திருந்தேன், எடுத்துப் பார்த்தால் காய்ந்தே இருந்தது. இதே சோதனையில் எட்டு மாதம் ஓடிய பழைய ஹெட்டின் இன்லெட் நான்கு நிமிடத்தில் கசிந்தது.

வேக்குவம் அளவுக்குக் கை பரபரத்தது. 2 மி.மீ. திறப்பில் 78 செ.மீ. இருந்தது 68. 1 மி.மீ. திறப்பிலும் நன்றாகவே இறங்கியிருந்தது. 5 மி.மீ.யில் மேலும் ஒரு செ.மீ.தான் குறைந்தது. வால்வு முழுத் திறப்பில் நிற்பது கொஞ்ச நேரம்தான், ஆனால் சின்னத் திறப்புகளை அது போகும்போதும் வரும்போதும் இரண்டு தடவை கடக்கிறது. பிக்கப் ஒளிந்திருந்த இடம் சீட்டின் ஓரம். எட்டு மாதம் முன்பு யாரும் அதைத் தொடவே இல்லை.

கம்ப்ரஷன் கணக்கு இப்படி. கம்பெனி விகிதம் 8.8. அதாவது மேலே மிச்சம் நிற்கும் இடம் 97.2-ஐ 7.8-ஆல் வகுத்தால் வரும் 12.46 சி.சி. 50 மி.மீ. வட்டத்தில் 0.3 மி.மீ. இழைத்தால் 0.59 சி.சி. போகும். சேம்பரில் கூர்மையான ஓரங்களை உருட்டியதில் 0.1 சி.சி. கூடியது, ப்யூரெட்டிலும் அப்படியே வந்தது. மிச்சம் 11.97. விகிதம் 9.1. இந்த ஏர்கூல்டு இன்ஜினுக்கு, சித்திரை வெயிலில் ஜி.எஸ்.டி. ரோட்டு நெரிசலில் நிற்கிற வண்டிக்கு, இதற்கு மேல் எனக்குத் தைரியம் இல்லை. ஹெட் கீழே இறங்குவதால் கேம் டைமிங்கும் (வால்வு திறந்து மூடும் நேரம்) கொஞ்சம் பின்தங்கும். 0.3 மி.மீ.க்கு அது ஒரு டிகிரி சுமாருக்குத்தான், செயின் டென்ஷனர் தளர்ச்சியை எடுத்துக்கொள்ளும்.

வால்வு பிஸ்டனில் தட்டுமா என்று பார்க்க, பிஸ்டன் தலையில் களிமண்ணை அப்பி, ஹெட்டை ஏற்றி, கையால் இரண்டு சுற்று சுற்றிக் கழற்றினேன். மண்ணில் பதிந்த வால்வுத் தடத்தைப் பிளேடால் குறுக்கே வெட்டி அளந்ததில் மிக மெல்லிய இடம் 1.8 மி.மீ. பயமில்லை.

நான்காவது ஞாயிறு பூட்டும் வேலை. மேக்னெட்டில் ‘டி’ கோட்டை (பிஸ்டன் உச்சியில் நிற்பதைக் காட்டுவது) நிறுத்தி, கேம் ஸ்ப்ராக்கெட்டின் குறியை ஹெட்டிலுள்ள குறிக்கு நேராக்கி, நட்டுகளைக் குறுக்குக் குறுக்காக மூன்று தவணையில் இறுக்கினேன். வால்வுக்கும் அதைத் தள்ளும் நெம்புகோலுக்கும் நடுவிலுள்ள டாப்பெட் இடைவெளி இன்ஜின் குளிர்ந்திருக்கும்போது 0.05 மி.மீ. உதைத்ததும் ஸ்டார்ட் ஆகிவிட்டது. பத்து நிமிடத்தில் சிலிண்டர் ஓரமாக ஆயில் கசிந்தது. கழற்றினால், ஹெட்டை இடத்தில் உட்காரவைக்கும் டவல் பின் ஒன்றைக் காணோம். பழைய ஹெட்டிலேயே ஒட்டிக்கொண்டு நின்றுவிட்டிருக்கிறது. கேஸ்கட் நகர்ந்து நசுங்கிவிட்டது. இன்னொரு கேஸ்கட், இன்னொரு மாலைநேரம். ஹெட் மாற்றுகிறவர்கள் பழைய ஹெட்டின் துளைகளை முதலில் பாருங்கள்.

காற்று கூடியதால் கலவை மெலிந்தது, அதாவது அதில் பெட்ரோலின் பங்கு குறைந்தது. பிளக் வெளுத்துக் காட்டியது. இப்போது பங்க்கில் கிடைப்பது எத்தனால் கலந்த பெட்ரோல். எத்தனாலிலேயே ஆக்ஸிஜன் இருப்பதால் அதே காற்றுக்குக் கூடுதல் எரிபொருள் வேண்டும், அதனாலும் பழைய ஜெட் (கார்புரேட்டரில் பெட்ரோல் வரும் துளை) மெலிவாகத்தான் காட்டும். மெயின் ஜெட் ஒரு நம்பர் ஏற்றினேன். பிளக் செங்கல் பொடி நிறத்துக்கு வந்தது.

ஞாயிறு காலை ஐந்தரை மணிக்குப் பல்லாவரம்–துரைப்பாக்கம் ரேடியல் ரோட்டில், டாப் கியரில் 30-லிருந்து 60-க்கு எத்தனை வினாடி என்று இரண்டு திசையிலும் மும்மூன்று தடவை பார்த்தேன். கெட்டுப்போன ஹெட்டோடு சராசரி 15.2 வினாடி. இப்போது 11.4. டாப் ஸ்பீடில் பெரிய மாற்றம் இல்லை, நான் அதைத் தேடவும் இல்லை. மைலேஜ் மூன்று டேங்க் சராசரியில் 59. இதில் எவ்வளவு புதுக் கைடும் வால்வும் கொடுத்தது, எவ்வளவு என் கை வேலை என்று பிரித்துச் சொன்னால் பெரும்பங்கு முந்தியதற்குத்தான் போகும்.

500 கி.மீ.யில் டாப்பெட்டை மறுபடி பார்த்தேன். எக்ஸாஸ்ட்டில் 0.05 இலை இறுகி நுழைந்தது, புதுச் சீட் கொஞ்சம் பதிந்திருக்கிறது. சரிசெய்துவிட்டேன். 1,000-த்தில் பார்த்தபோது இரண்டும் வைத்த இடத்திலேயே நின்றன. அப்பா இப்போது வண்டியை எடுத்துக்கொண்டு வில்லிவாக்கம் மார்க்கெட்டுக்குப் போகிறார். மேம்பாலத்தில் மூன்றாவது கியருக்கு இறக்கவே இல்லையாம்.